மறந்துபோன வரிக்கு வந்த விருதுகள்

பியூலா அக்கா பாடுகிறவர். சைலஸ் மாஸ்டர் அவருக்குப் பாடம் சொன்னவர். வயதில் மாஸ்டரைவிட அக்கா பத்துப் பன்னிரண்டு வருஷம் மூத்தவர். அதனால் மாஸ்டர் அவரை "அக்கா" என்பார், அக்கா அவரை "மாஸ்டர்" என்பார். இரண்டு பேரும் மாற்றி மாற்றி மரியாதை கொடுத்துக்கொள்வதைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பு வரும். நான் எபினேசர். அவர்களோடு பேஸ் கிடார் வாசிக்கிறவன். பேஸ் வாசிக்கிறவனை யாரும் எதுவும் கேட்பதில்லை. அதனால் எல்லாம் என் காதில் விழும்.

பெரம்பூரில் ஒரு டைலர் கடைக்கு மேலே மாஸ்டரின் அறை. அங்கே நடப்பது கர்நாடகமும் இல்லை, சினிமாப் பாட்டும் இல்லை. நியோ சோல் என்கிற அமெரிக்கப் பாட்டு முறை. தாளம் அதுபாட்டுக்கு முன்னால் போகும், பாடுகிறவர் கொஞ்சம் பின்னால், அவசரமே இல்லாமல் வருவார். பிந்தலாம், விட்டுவிடக் கூடாது. ஒருநாள் பாடியதைப் போலவே மறுநாள் பாடினால் மாஸ்டருக்குப் பிடிக்காது. "நேத்து குழம்பையே இன்னிக்கும் ஊத்தறீங்களே" என்பார்.

ஒரு புதன்கிழமை மத்தியானம் அக்கா படியேறி வந்தார். மூச்சு வாங்கியது. உட்கார்ந்ததும் சொன்னார்.

"வாழ்நாள் சாதனையாளர் விருதாம் மாஸ்டர். எனக்கு. சனிக்கிழமை கொடுக்கறாங்க."

"சந்தோஷம், அக்கா."

"வாங்கிட்டு நிறுத்திடலாம்னு இருக்கேன்."

"எதை?"

"பாடறதை."

கிடாருக்குச் சுருதி சேர்த்துக்கொண்டிருந்த என் கை அப்படியே நின்றது. மாஸ்டர் டீயை ஊதி ஊதிக் குடித்தார். அவருக்குப் பதறவே தெரியாது. சில சமயம் எனக்கு அது எரிச்சலாக இருக்கும்.

"ஏன்னு கேக்க மாட்டீங்களா?"

"சொல்லத்தானே இவ்வளவு படி ஏறி வந்திருக்கீங்க."

அக்கா சொன்னார். பாதி எனக்குத் தெரிந்த கதை, மீதி தெரியாதது.

அக்கா வெகுகாலம் சினிமாவில் கோரஸ் பாடினவர். கேசட் அட்டையில் பாடகர் பெயர் இருக்கும், பக்கத்தில் "குழுவினர்" என்று இருக்கும். அந்தக் குழுவினரில் இவர் ஒருத்தர். நாற்பதை நெருங்கும்போது மாஸ்டரிடம் வந்து இந்தப் பாட்டு முறையைக் கற்றுக்கொண்டார். பிறகு சொந்தமாக ஒரு பாட்டுக் கட்டினார். பேர் "தாழ்ப்பாள்". காகிதத்தில் எழுதவில்லை. பஸ்ஸில் போய்வரும்போது மனசுக்குள்ளேயே கட்டினது.

ஒலிப்பதிவு அன்றைக்கு முதல் தடவை பாடும்போது, மூன்றாவது சரணத்தில் ஒரு வரி மறந்துவிட்டது.

*தாழ்ப்பாள் போட்டது நான்தான்*
*தட்டித் தட்டி நின்னது நீதான்*
*இன்னிக்கு நான் திறந்தா...*

அதற்கு அடுத்த வரி வரவில்லை. தாளம் நிற்குமா? "ம்ம்... ம்ம்ம்..." என்று முனகி ஒப்பேற்றினார். ஒப்பேற்றிய வெட்கத்தில் லேசாகச் சிரித்துவிட்டார். அந்தச் சிரிப்பும் பதிவாகிவிட்டது. மறுபடி பாடுகிறேன் என்று சொல்லியிருக்கிறார். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்தவர்கள் கையெடுத்துக் கும்பிட்டு, வேண்டவே வேண்டாம், இதுதான் பாட்டு என்று சொல்லிவிட்டார்கள்.

அப்புறம் விருது வந்தது. முதல் விருது, சிறந்த புதிய குரல். நாற்பது வயதில் புதுக் குரல்! வாங்கிக்கொண்டு வந்து அக்கா அழுதார், குழுவினர் என்று போடாமல் பேர் போட்டிருக்கிறார்கள் என்று. அடுத்தது சிறந்த பாடல். அதற்கடுத்து சிறந்த மேடை நிகழ்ச்சி. ஒரு பத்திரிகை, பத்தாண்டின் குரல் என்று அட்டைப்படம் போட்டது. எல்லாவற்றுக்கும் அதே பாட்டு, அதே முனகல். நடுவர்கள் எழுதிய பாராட்டு வாசகத்தைக் கேட்டால் தலை சுற்றும். "துக்கத்தின் உச்சியில் மொழி தோற்றுப்போகும் கணம்" என்று எழுதியிருந்தார்கள்.

"மொழி தோத்துப்போகலை மாஸ்டர். எனக்கு மறந்துபோச்சு. அவ்வளவுதான்!"

"ம்."

"அதுக்கப்புறம் எந்த மேடையில பாடினாலும் அந்த இடத்துல கரெக்டா மறக்கறேன். கரெக்டா முனகறேன். அதே சிரிப்பு, அதே அளவு. வெக்கமே இல்லாம வெக்கப்படறேன். மூணு வருஷமா ஒரு புதுப் பாட்டு முடிக்க முடியலை. எதைக் கட்டினாலும் மூணாவது சரணத்துல 'ம்ம்' வந்து நிக்குது."

"சரி."

"என்ன சரி? ஒண்ணே ஒண்ணு சொல்லுங்க. இத்தனை விருதும் எனக்குக் கொடுத்ததா, என் மறதிக்குக் கொடுத்ததா? மறதிக்குன்னா சொல்லிடுங்க. கடைசி விருதையும் அதுக்கே வாங்கிக் கொடுத்துட்டு நான் வீட்டைப் பார்க்கப் போறேன்."

அக்காவின் குரல் உடைந்தது. அந்தக் குரலுக்குப் பின்னால் நின்று எத்தனையோ மேடையில் வாசித்தவன் நான். அது நின்றுபோனால் எனக்கு வேறு வேலை கிடைக்கும், வேறு குரல் கிடைக்காது.

மாஸ்டர் டம்ளரைக் கீழே வைத்தார்.

"பாடுங்க. அந்த இடத்துல வரியோட பாடுங்க."

"எந்த வரி?"

"மறந்த வரி."

அக்கா கண்ணை மூடிக்கொண்டு பாடினார். நான் பின்னாலேயே போனேன். இன்னிக்கு நான் திறந்தா என்ற இடம் வந்தது. வாயைத் திறந்தார். "ம்ம்..." என்றுதான் வந்தது.

கண்ணைத் திறந்து எங்களைப் பார்த்தார். திருடனைப் பிடிக்கப் போய்த் தன் வீட்டிலேயே நுழைந்தவர் போல முழித்தார்.

"மாஸ்டர், அந்த வரி எனக்குத் தெரியலை."

"கட்டினது நீங்கதானே?"

"நான்தான். ஆனா அன்னிக்கு மறந்தது மறந்ததுதான் போல. அதுக்கப்புறம் அதை யாரும் கேக்கலை, நானும் தேடலை. உங்களுக்கு ஞாபகம் இருக்கா?"

"நீங்க எனக்குப் பாடிக் காட்டும்போதே அது விருது வாங்கின பாட்டு. அப்பவும் முனகல்தான்."

"எபி, உனக்கு?"

"எனக்கு ஈ ஸ்ட்ரிங்கும் ஏ ஸ்ட்ரிங்கும்தான் தெரியும், அக்கா."

மாஸ்டர் முதல்தடவையாக நிமிர்ந்து உட்கார்ந்தார். அவர் முகத்தில் ஒரு சின்னப் பையனின் ஆசை தெரிந்தது.

"அப்படி என்னதான் இருந்திருக்கும் அந்த வரி?" என்றார்.

"அதான் எனக்கும் தெரியணும்."

"திறந்தா என்ன ஆகும், அக்கா?"

"திறந்தா... இருங்க. திறந்தா *உள்ளே வா*ன்னு சொல்லியிருப்பேனோ?"

"பாடுங்க."

பாடினார். "சே, இது இல்லை. இவ்வளவு சுலபமா உள்ளே விட்டிருக்க மாட்டேன்."

"அடுத்தது."

"*திறந்தா, தெருவே உள்ளே வந்துடும்.*"

"பாடுங்க."

பாடினார். "இல்லை."

புதன்கிழமை பூராவும் இப்படியே போனது. வியாழக்கிழமை காலையில் நாங்கள் வருவதற்கு முன்பே அக்கா வந்து படியில் உட்கார்ந்திருந்தார். பஸ்ஸில் வந்தாராம். கார் வாங்கி வருஷக்கணக்காகிறது, ஆனால் பஸ்ஸில் கட்டின பாட்டு பஸ்ஸில்தான் ஞாபகம் வரும் என்று நினைத்து ஏறியிருக்கிறார். ஜன்னலோரம் உட்கார்ந்து தாளம் போட்டிருக்கிறார். பக்கத்து சீட்டு அம்மா, உடம்பு சரியில்லையா என்று கேட்டிருக்கிறார்.

"வந்துச்சா?" என்றார் மாஸ்டர்.

"மூணு வந்துச்சு. மூணும் அது இல்லை."

"பாடுங்க."

"இல்லைன்னு சொல்றேனே!"

"பாடினாத்தானே இல்லைன்னு தெரியும்."

*திறந்தா, தட்டின கை எங்கே போகும்.* இல்லை. *திறந்தா, பூனைதான் நிக்கும், நீ எப்பவோ போயிருப்பே.* இதைப் பாடிவிட்டு அக்காவே வாய்விட்டுச் சிரித்தார். நான் வாசிப்பதை நிறுத்திவிட்டேன். அது பழைய சிரிப்பு இல்லை. "நிறுத்தாதடா" என்று மாஸ்டர் என்னை அதட்டினார். அவர் என்னை அதட்டுவது அபூர்வம்.

வெள்ளிக்கிழமை சாயங்காலம் அக்கா களைத்துப்போனார். எத்தனை வரி பாடியிருப்பார் என்று கேட்டால் எனக்குக் கணக்குச் சொல்லத் தெரியாது. ஒன்றுகூட அந்த வரி இல்லை. ஒவ்வொன்றுக்கும் குரல் வேறு மாதிரி வளைந்தது, வேறு மாதிரி பிந்தியது, பின்னால் ஓடி ஓடி எனக்கு விரல் நுனி எரிந்தது. குரல் இப்படிப் புதுசாகிவிட்டதை அவரிடம் சொல்லலாமா என்று வாயெடுத்தேன். மாஸ்டர் என்னைப் பார்த்தார். நான் வாயை மூடிக்கொண்டேன்.

"நான் கேட்டதுக்கு நீங்க இன்னும் பதில் சொல்லலை" என்றார் அக்கா.

"தேடிட்டுத்தானே இருக்கோம்."

"நான் வரியைக் கேக்கலை. விருது எனக்கா மறதிக்கான்னு கேட்டேன்."

"ஓ, அதைக் கேட்டீங்களா? நான் வரியில மூழ்கிட்டேன், அக்கா. மன்னிச்சுக்குங்க."

அக்காவுக்குச் சுருக்கென்று கோபம் வந்தது. பையை எடுத்து மாட்டிக்கொண்டு, "நாளைக்கு மேடையில வழக்கம்போல முனகிட்டு வர்றேன். அதோட சரி" என்று இறங்கிப் போனார். செருப்புச் சத்தம் கடைசிப் படி வரை கேட்டது. மாஸ்டர் ஜன்னல் வழியாக அவர் போவதையே பார்த்துக்கொண்டிருந்தார்.

சனிக்கிழமை. பெரிய அரங்கம். நிற்க இடமில்லை. பாராட்டு வாசகத்தை ஒருவர் வாசித்தார். துக்கம், உச்சி, மொழி, கணம், எல்லாம் இருந்தது. அக்கா தலையைக் குனிந்து கேட்டுக்கொண்டார். விருதைக் கையில் கொடுத்தார்கள். கனமான கண்ணாடி. அதைப் பக்கத்தில் ஒரு நாற்காலியில் வைத்துவிட்டு மைக்குக்கு வந்தார். மாஸ்டர் கீழே முன்வரிசையில் இருந்தார்.

தாழ்ப்பாள் ஆரம்பித்தது. முதல் சரணம், இரண்டாம் சரணம், எப்போதும் போலத்தான். மூன்றாவது வந்தது. இன்னிக்கு நான் திறந்தா.

அவ்வளவுதான், அரங்கம் மொத்தமும் முனக ஆரம்பித்தது. "ம்ம்... ம்ம்ம்..." எல்லாருக்கும் மனப்பாடம். அக்கா சிரிக்கிற இடத்தில் எல்லாரும் சேர்ந்து சிரித்தார்கள். கூரை அதிர்ந்தது. சிலர் அழுதார்கள். நான் அக்காவுக்குப் பக்கத்தில்தான் நின்றிருந்தேன். அவர் உதடு மூடியிருக்கவில்லை. முனகுகிறவர்களின் உதடு மூடியிருக்கும், இவர் உதடு அசைந்தது. கழுத்து நரம்பு புடைத்தது. என்னமோ பாடினார். எனக்கு ஒரு சொல்கூடக் கேட்கவில்லை.

கைதட்டல் அடங்கவே வெகுநேரம் பிடித்தது. பின்பக்கத்து அறைக்கு அக்கா வந்து உட்கார்ந்தார். மாஸ்டர் வந்து எதிரில் உட்கார்ந்தார். நான் கதவைச் சாத்தினேன்.

"வந்துச்சு மாஸ்டர்" என்றார் அக்கா.

"வரியா?"

"வரிதான். அந்த இடத்துக்குப் போனேன், தானா வந்துச்சு."

"பழைய வரியா?"

"தெரியலை. அதுதானா, இன்னிக்குப் பிறந்ததான்னு எனக்கே தெரியலை. ஆனா அந்த இடத்துக்கு அதுதான். பாடினேன். முழுசாப் பாடினேன். இத்தனை வருஷத்துல முதல்தடவை." கண்ணைத் துடைத்துக்கொண்டார். "ஒருத்தர் காதுலயும் விழலை. அவ்வளவு பேரும் முனகிட்டிருந்தாங்க. எனக்குப் பதில் கிடைச்சுடுச்சு மாஸ்டர். அவங்களுக்கு அந்த முனகல் போதும், நான் தேவையில்லை. நான் நினைச்சதுதான் சரி. நிறுத்திடறேன்."

மாஸ்டர் என் பக்கம் திரும்பினார்.

"எபி, உனக்குக் கேட்டுச்சா?"

"இல்லை மாஸ்டர். உதடுதான் தெரிஞ்சுது."

"எனக்கும் கேக்கலை."

அக்கா நிமிர்ந்தார். "முன்னாடி வரிசையிலதானே உக்காந்திருந்தீங்க?"

"ஆமா."

"அப்புறம்?"

"நானும் முனகிட்டிருந்தேன்."

"நீங்களுமா?"

"என்ன செய்யறது, அக்கா. நல்லா இருந்துச்சு."

அக்கா அவரையே பார்த்துக்கொண்டிருந்தார். கோபப்படுவாரோ என்று நான் பயந்தேன். மாஸ்டர் நாற்காலியை இன்னும் கிட்டே இழுத்துப் போட்டுக்கொண்டு, மூன்று நாளாகத் தேடியதைக் கேட்கப்போகிறவர் போல முன்னால் குனிந்தார்.

"அந்த வரியை இன்னும் ஒருத்தர்கூடக் கேக்கலையே, அக்கா. இப்பப் போய் யாராவது நிறுத்துவாங்களா?"