பத்தில் ஒரு பங்கு

"என் மக என்கிட்ட பேச மாட்டேங்கிறா, சாமி."

தில்லைநாயகம் இப்படித்தான் ஆரம்பித்தார். வணக்கம்கூட அதற்கு அப்புறம்தான்.

அந்தச் சாமி யார் என்று நினைக்கிறீர்கள்? பதினோரு வருஷம் விண்வெளி மையத்தின் ராடார் பிரிவில் அவருக்குக் கீழே வேலை பார்த்த கிரிதரன்தான். தினம் ஒரு திட்டு வாங்கித் தொழில் கற்றவன். ஒருநாள் ராஜினாமாக் கடிதத்தை மேசையில் வைத்துவிட்டுக் காவி கட்டப் போய்விட்டான். "கிறுக்குப் பய" என்று அன்றைக்குச் சொன்ன அதே வாய்தான் இன்றைக்குச் சாமி என்கிறது. யாரை எங்கே கொண்டுவந்து நிறுத்தும் காலம் என்று யார் கண்டது!

சாமிக்கு நாற்பத்து நாலு வயது. கேட்க வந்தவருக்கு அறுபத்திரண்டு.

கொல்லிமலை அடிவாரத்தில் ஆசிரமம். ஆசிரமம் என்று பெயர்தான் பெரிது. ஓட்டுக்கூரை, ஒரு கிணறு, நாலு கொய்யா மரம், அவ்வளவுதான்.

"உட்காருங்க, சார்."

காவி கட்டியும் அந்தச் 'சார்' மட்டும் சாமியை விட்டுப் போகவில்லை.

"உட்கார வரலை, கிரி. ஒரு வழி சொல்லு. சாமி, சொல்லுங்க."

சாமி வாயைத் திறந்தார்.

"இருங்க, முழுசாச் சொல்லிடறேன். உலகம்மை போய் ரெண்டு வருஷம் ஆச்சு. வாரம் தவறாம ஞாயித்துக்கிழமை பத்து மணிக்குக் கோமதிக்குப் போன் பண்றேன். எடுக்கிறா. ஆனா வாயத் திறக்க மாட்டா. கடைசில 'சரிப்பா, வச்சிடறேன்'னு வச்சிடறா. அவ அம்மா சாகும்போது நான் பக்கத்துல இல்லைங்கிற கோபம். எனக்குத் தெரியாதா?"

சாமி அவரை மரத்தடியில் உட்கார வைத்து, ஒரு கொய்யாப் பழத்தை எடுத்து அவர் கையில் வைத்தார். ஏதோ சொல்லப் போனார்.

"நான் என்ன ஊர் சுத்தவா போனேன்? செயற்கைக்கோள் மேலே போய் மூணாவது நாள். மழை, மேகம், எதுவா இருந்தாலும் ஊடுருவி நிலத்தைப் பார்க்கிற ராடார். முப்பத்தாறு வருஷ உழைப்பு, கிரி! அது மேலே போய்த் தகராறு பண்ணிக்கிட்டு நிக்குது. கட்டுப்பாட்டு அறையை விட்டு எப்படி எழுந்து வருவேன்? சாதாரணக் காய்ச்சல்னுதானே உலகம்மையை ஆஸ்பத்திரியில சேர்த்தாங்க? இதை அவகிட்ட வாராவாரம் எடுத்துச் சொல்றேன். ஒரு தடவை விடாமச் சொல்றேன். புரிஞ்சுக்க மாட்டேங்கிறா."

கொய்யாப் பழம் கையில் அப்படியே இருந்தது.

பாவம், பேச ஆள் கிடைத்துவிட்டது. பெங்களூரில் ஒன்பதாவது மாடியில் தனியாக இருக்கிறார் மனிதர். சமையலுக்கு வரும் அம்மாள் வேலை முடித்துக் கிளம்பும்போது ஏதாவது காரணம் சொல்லிப் பத்து நிமிஷம் நிறுத்தி வைப்பார். அவளும் எத்தனை நாள் நிற்பாள்? கீழே வாசலில் இருக்கும் காவலாளி இவர் தலையைக் கண்டாலே போனைக் காதில் வைத்துக்கொள்கிறான். டிவியைப் போட்டுவிட்டுத்தான் சாப்பிட உட்காருவார். இல்லாவிட்டால் சோறு இறங்காது.

மூன்றாவது முறையாகச் சாமி வாயைத் திறந்தார்.

"நீங்க என்ன சொல்லப் போறீங்கன்னு எனக்குத் தெரியும்," என்றார் தில்லைநாயகம்.

சாமி வாயை மூடிக்கொண்டார்.

வெயில் ஏறியது. அன்றைக்கும் ஞாயிற்றுக்கிழமைதான். பத்து மணி தாண்டியதே இவருக்குத் தெரியவில்லை. பேச்சு அப்படி.

ஒருவழியாக மூச்சு வாங்க நிறுத்தினார்.

"சார், ஒரு சந்தேகம்," என்றார் சாமி.

தில்லைநாயகம் நிமிர்ந்து உட்கார்ந்தார். அவரிடம் ஒருத்தர் சந்தேகம் கேட்டு எத்தனை நாளாயிற்று!

"கேளு, கேளு."

"நம்ம ராடார்ல ஆன்டெனா ஒண்ணுதானே? அலையை அனுப்பறதும் அதுதான், திரும்பி வர்றதை வாங்கறதும் அதுதான்."

"ஆமா. அதுகூட மறந்துபோச்சா?"

"அனுப்பற நேரத்துல வாங்கற பக்கம் என்ன ஆகும்?"

"மூடிடுவோம். இல்லேன்னா தன் சத்தத்துலயே தன் காது கருகிப் போயிடும்."

"எவ்வளவு நேரம் அனுப்புவோம்?"

"பத்துல ஒரு பங்கு. அதுக்கு மேல கூடாது. மிச்சமெல்லாம் கேக்கறதுக்கு. அறுநூறு கிலோமீட்டர் கீழே போய் நிலத்துல பட்டு எதிரொலி திரும்பி வரணும்ல?"

"அது வந்து சேர்ற நேரம் பார்த்து அடுத்ததை அனுப்பிட்டா?"

"அடப்பாவி! முதல் வருஷம் நீ பண்ணின தப்பே அதுதானடா! படத்துல பட்டை பட்டையாக் கறுப்பு. நிலம் பதிலே சொல்லலை சார்னு நாலு நாள் தலையைப் பிச்சுக்கிட்டு நின்னே. நான் வந்து பார்த்தா, நிலம் பாவம், சொல்லிக்கிட்டேதான் இருக்கு. அது சொல்ற நேரத்துல எல்லாம் நீதான்..."

பேச்சு அங்கேயே நின்றது.

சாமி வாளியை எடுத்துக்கொண்டு கிணற்றடிக்குப் போய்விட்டார்.

தில்லைநாயகம் கொய்யா மரத்தடியில் தனியாக உட்கார்ந்திருந்தார்.

சட்டைப்பையில் போன் அடித்தது. கோமதி. இந்த இரண்டு வருஷத்தில் அவளாக அழைத்தது இல்லை.

"அப்பா? ஏன் போன் பண்ணலை? உடம்புக்கு ஒண்ணும் இல்லையே?"

"நல்லா இருக்கேம்மா."

வழக்கமாக இந்த இடத்தில்தான் மடை திறக்கும். அவர் உதட்டைக் கடித்துக்கொண்டார்.

எதிர்ப்பக்கமும் மௌனம். அப்பப்பா, எவ்வளவு நீளம் அது! வாழ்நாள் முழுக்கக் கணக்கு போட்ட மனிதருக்கு அதை அளக்கத் தெரியவில்லை.

"அப்பா, லைன்ல இருக்கீங்களா?"

"இருக்கேன்."

கிணற்றில் வாளி விழுந்த சத்தம் கேட்டது.

"அம்மா கடைசியா ஒண்ணு கேட்டாப்பா," என்றாள் கோமதி. "'விரிஞ்சிடுச்சா'ன்னு கேட்டா."

ராடாரின் ஆன்டெனாவைக் குடை மாதிரி மடக்கித்தான் மேலே அனுப்புவார்கள். அங்கே போய் அது விரிய வேண்டும். விரியாமல் அடம் பிடித்ததுதான் அன்றைக்கு நடந்த தகராறு. உலகம்மையிடம் அதைப் போனில் சொல்லிப் புலம்பியிருந்தார்.

"எது விரியணும்னுகூட எனக்குத் தெரியாதுப்பா. ஆமாம்மா, விரிஞ்சிடுச்சுன்னு சொல்லிட்டேன். அம்மாகிட்ட நான் கடைசியாப் பேசினதே பொய்தான். ரெண்டு வருஷமா நெஞ்சை அறுக்குது. உங்ககிட்ட சொல்லிடணும்னுதான் ஒவ்வொரு ஞாயித்துக்கிழமையும் போனை எடுக்கிறேன். நீங்க..."

அவள் அழுதாள்.

ஆன்டெனா விரிந்தது மறுநாள் காலை ஆறு மணி பதினோரு நிமிஷத்துக்கு. ஏன் தாமதம், எந்தக் கீல் சிக்கியது, அதை எப்படி விடுவித்தார்கள் என்று எல்லாமே அவர் நாக்கு நுனியில் வந்து நின்றது. தில்லைநாயகம் அத்தனையையும் விழுங்கினார். கண்ணீர் கொட்டியது.

அவள் அழுது ஓயும்வரை இருந்தார். பிறகு, பிறந்ததிலிருந்து மகளிடம் ஒன்றும் கேட்டறியாத மனிதர்போலத் தட்டுத்தடுமாறிக் கேட்டார்.

"அதைக் கேட்டு உங்கம்மா என்ன பண்ணினா?"

"கை தட்டினாப்பா. ராக்கெட் மேலே போனதும் டிவியில நீங்கள்லாம் தட்டுவீங்களே, அது மாதிரி. ஒரு கையில ஊசி குத்தியிருந்துச்சு. இன்னொரு கையால கட்டிலைத் தட்டினா."