ஒதில் வெட்டிய இரண்டு நொடி

“எங்கே வெட்டணும்னு எப்படித் தெரிஞ்சுக்கிறது?” என்று கேட்டாள் ஜினெத்.

“பாருங்க,” என்றாள் ஒதில்.

“நாலு வருஷமா பார்த்துக்கிட்டுத்தானே இருக்கேன்!”

“அப்ப இன்னும் கொஞ்சம் பாருங்க.”

ஒதில் பாரீஸில் பேர்பெற்ற படத்தொகுப்பாளர். முப்பத்தொரு படங்கள் முடித்தவள். சுவரொட்டியில் அவள் பெயரைப் படிக்கக் கண்ணாடி வேண்டும், அது வேறு விஷயம். தபால் அலுவலக வேலையை உதறிவிட்டு அவளிடம் தொழில் கற்க வந்த ஜினெத்துக்கு ஐம்பத்திரண்டு வயது. குருவைவிட ஆறு வயது மூத்தவள். இதில் இருவருக்கும் வருத்தமில்லை. ஜினெத்தின் அக்காவுக்குத்தான் வருத்தம்.

அந்த வசந்தத்தில் ரயில்வே ஊழியர்களைப் பற்றிய ஓர் ஆவணப்படம் தொகுப்புக்கு வந்தது.

ஒரு காலையில், எடிட்டிங் மேஜையின் சின்னத் திரையில் ஏதோ ஒரு நடைமேடை ஓடிக்கொண்டிருந்தது. ஒதில் சட்டென்று நிறுத்தினாள்.

கூட்டத்தில் ஒரு மனிதர். கோட்டின் ஒரு கையை மாட்டிக்கொண்டு, இன்னொரு கையைத் தேடியபடியே நடந்து வந்தார்.

“லுசியன்,” என்றாள் ஒதில்.

அவள் கணவர். போன குளிர்காலத்தில் இறந்துபோனவர். படம் பிடித்தது அதற்குச் சில வாரங்கள் முன்னால். யாரோ எடுத்த படத்தில் அவர் பாட்டுக்கு நடந்துகொண்டிருந்தார்.

ஜினெத் அழுதுவிட்டாள். ஒதில் அழவில்லை. பிலிமைப் பின்னால் ஓட்டி மறுபடி பார்த்தாள். மதியம்வரை அதையே பார்த்தாள். பிறகு இயக்குநருக்குப் போன் செய்தாள்.

“இந்த ஷாட்டைப் படத்துல வெச்சுக்கலாமா?”

“இதையெல்லாம் கேட்கணுமா ஒதில்? வெச்சுக்குங்க.”

அந்த ஷாட் மொத்தம் ஆறு நொடி. ஒதில் நான்காவது நொடியில் வெட்டினாள். மிச்சத்தைக் கூடையில் போட்டாள்.

ஜினெத்துக்கு மனசு கேட்கவில்லை.

“இருக்கிறதே ஆறு நொடி. அதிலயுமா கத்தரி வைக்கணும்?”

“இது போதும்.”

“அவர் உங்க புருஷன்!”

“தெரியும்.”

இப்படியும் ஒரு கல்மனசா என்று ஜினெத் அன்று வீடுவரை புலம்பிக்கொண்டே போனாள். போவதற்கு முன், கூடையிலிருந்த துண்டை எடுத்துக் கைப்பையில் பத்திரப்படுத்தியிருந்தாள்.

முடிந்த படத்தைப் பிரதி எடுக்கும் லேபுக்குக் கொண்டுபோகும் வேலை அவளுடையது. கிளம்புமுன் அந்தத் துண்டைப் பழைய இடத்திலேயே ஒட்டினாள். ஒலியையும் அளவு பார்த்துச் சேர்த்தாள். நான்கு வருடத்தில் அவள் தானாக முடிவெடுத்துப் போட்ட முதல் ஒட்டு அது.

பிரதிகள் தயாராகிவிட்டன. இனி ஒரு சட்டகத்தையும் மாற்ற முடியாது.

முதல் காட்சிக்கு இருவரும் பக்கத்துப் பக்கத்தில் உட்கார்ந்தார்கள். நடைமேடை வந்தது. லுசியன் வந்தார். ஜினெத் ஒதிலின் கையைப் பிடித்துக்கொண்டாள்.

நான்கு நொடி கடந்தது.

லுசியன் இன்னும் நடந்தார். திரையின் ஓரத்துக்கு வந்தார். ஓரத்தைத் தாண்டி மறைந்தார். வெறும் நடைமேடை கொஞ்சம் தெரிந்தது.

ஒதில் தன் கையை இழுத்துக்கொண்டாள்.

விளக்குகள் எரிந்தபோது அவள் அழுதுகொண்டிருந்தாள். அடக்கத்தின்போதுகூட அழாதவள்.

ஜினெத் பதறிப்போனாள். “இன்னும் ரெண்டு நொடி அவர் உங்களோட இருக்கட்டுமேன்னுதான்...”

“நான் வெட்டின இடத்துல அவர் நடந்துக்கிட்டு இருந்தார், ஜினெத்,” என்றாள் ஒதில். “இப்பப் போயிட்டார்.”