பன்றித் தொடையும் பச்சைக் கூழாங்கல்லும்

ஒரு காட்டில் கோடை வந்தபோது ஓடை வற்றியது, குட்டை வற்றியது, யானைகள் காலால் தோண்டிய ஊற்றும் வற்றியது. கடைசியில் பாறையடியில் இருந்த சுனை ஒன்றுதான் மிஞ்சியது. அந்தச் சுனைக்குக் குறுக்கே ஒரு புலி படுத்திருந்தது.

புலி தண்ணீரைக் காவல் காக்கவில்லை. பல்வலியில் படுத்திருந்தது. மூன்று நாள் பட்டினிக்குப் பிறகு முந்தின நாள் விடியலில்தான் அதற்கு ஒரு காட்டுப்பன்றி கிடைத்தது. அந்தப் பன்றியின் எலும்பில் பட்டுப் புலியின் கோரைப்பல் உடைந்துவிட்டது. வலியில் கண்ணை மூடிக் கிடந்த நேரம் பார்த்துக் கழுதைப்புலிகள் முக்கால் பன்றியை இழுத்துக்கொண்டு போய்விட்டன. மிஞ்சியது இரண்டு தொடைகள்.

காட்டுப்பன்றிக் கறி எப்படி இருக்கும் என்று நினைக்கிறீர்கள்? பிறந்ததிலிருந்து ஓடி ஓடி இறுகிய உடம்பு அது. நல்ல பல்லே நாரில் மாட்டிக்கொள்ளும். உடைந்த பல் என்ன செய்யும்? புலி தொடையை முகர்ந்து பார்க்கும், ஒரு ஓரத்தைக் கடிக்கும், வலி தாங்காமல் விட்டுவிடும். கோபத்தில், சுனைக்கு வந்த மானை விரட்டியது. முயலை விரட்டியது. பாவம், தாகத்தில் வந்த ஆமையைக்கூட உறுமி அனுப்பியது.

அந்தக் காட்டில் செம்பி என்றொரு நரி இருந்தது. அதற்கு மூன்று குட்டிகள். செம்பிக்கு ஓர் இடத்தில் நிற்கத் தெரியாது. குட்டி போட்ட அன்றைக்கே வளையை மூன்று தடவை மாற்றிய நரி அது. இப்போது குட்டிகளின் நாக்கு வறண்டு கிடக்க, செம்பியின் கால் இன்னும் பறந்தது. முந்தின நாள் காலையிலிருந்து குட்டிகள் ஒரு சொட்டுத் தண்ணீர் குடிக்கவில்லை. கடைக்குட்டி அழுவதைக்கூட நிறுத்திவிட்டது.

செம்பி நேராகப் புலியிடம் போனது. கறியைப் பூப்போல வேக வைத்துத் தருகிறேன், பதிலுக்கு எல்லோரையும் தண்ணீர் குடிக்க விட வேண்டும் என்று கேட்டது.

புலி ஒரு கண்ணை மட்டும் திறந்தது. "மலை நிழல் சுனையைத் தொடுறதுக்குள்ள கொண்டா. மெல்லும்போது வலி தெரியக் கூடாது. தெரிஞ்சுதுன்னா சுனைக்குள்ளயே இறங்கிப் படுத்துக்குவேன். அப்புறம் ஒருத்தருக்கும் தண்ணி இல்ல."

"சரி, புலியாத்தா" என்று சொல்லிவிட்டு, இரண்டு தொடைகளையும் இழுத்துக்கொண்டு செம்பி ஓடியது. ஓடும்போதே திரும்பி மலை நிழலைப் பார்த்தது.

செம்பிக்குச் சமைக்கத் தெரியாது. காட்டில் சமையல் தெரிந்தது மந்தையன் என்ற கரடிக்கு மட்டும்தான். மின்னல் விழுந்து எரிந்த மரத்தின் நெருப்புக் கங்கை அணையாமல் காப்பாற்றி வைத்திருந்தது அது. குகையில் ஒரு குடுக்கை நிறையத் தேனும் இருந்தது. ஆனால் மந்தையன் ஒரு வாக்கியம் பேசி முடிப்பதற்குள் மரங்கொத்தி ஒரு பொந்து குடைந்துவிடும்.

மந்தையன் தொடைகளைத் திருப்பித் திருப்பிப் பார்த்தது. காட்டுக் கறிக்கு அவசரம் ஆகாது, குழி வெட்டி, கல்லைச் சுட வைத்து, இலையில் பொதிந்து மண் மூடினால் பொழுது சாய்கிற நேரத்துக்கு வெந்துவிடும், கடைசியில் தேனும் புளியும் போட்டு ஒரு சாந்து அரைத்துப் பூச வேண்டும் என்றெல்லாம் நிறுத்தி நிறுத்திச் சொன்னது. சொல்லிவிட்டுக் காட்டுவாழை இலை அறுக்கப் போனது.

போனது போனதுதான். செம்பி வழியைப் பார்த்தது. நிழலைப் பார்த்தது. மறுபடியும் வழியைப் பார்த்தது. இலை அறுக்க இவ்வளவு நேரமா?

தீ இருக்கிறது, தேன் இருக்கிறது, கறி இருக்கிறது. வேறென்ன வேண்டும் என்று செம்பிக்குத் தோன்றியது. ஒரு தொடையை எடுத்தது. பாதிக் குடுக்கைத் தேனை அதன் மேல் கவிழ்த்தது. கங்கில் சுள்ளிகளைப் போட்டு, வாலால் விசிறி விசிறிக் கொழுந்துவிட்டு எரியச் செய்தது. தொடையை அதற்குள் நீட்டியது.

வாசனை உடனே கிளம்பியது. மேல்தோல் பொன்னாக மின்னியது. செம்பிக்கு மந்தையனை நினைத்துச் சிரிப்பாகக்கூட இருந்தது. அந்தச் சிரிப்பு அடங்குவதற்குள் பொன் பழுப்பாகி, பழுப்பு கறுப்பாகிவிட்டது. கறுத்தால் வெந்துவிட்டது என்றுதானே அர்த்தம் என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டு, செம்பி அதைப் புலியிடம் தூக்கிக்கொண்டு ஓடியது.

புலி ஆசையாகக் கடித்தது. வெளியே கசந்தது. உள்ளே பச்சை ரத்தம். உடைந்த பல் போய் நாரில் சிக்கிக்கொண்டது. புலி போட்ட சத்தத்தில் மரத்தில் இருந்த கிளிகள் அடுத்த மலைக்கே போய்விட்டன.

"இன்னொண்ணு இருக்குல்ல" என்றது புலி, வாயைப் பொத்திக்கொண்டு. "அதுவும் இப்படின்னா, உன் குட்டிகளோட வேற காடு பாத்துக்கோ."

செம்பி திரும்பி வந்தபோது மந்தையன் இலைக்கட்டோடு நின்றிருந்தது. பாதியாகிப்போன குடுக்கையைப் பார்த்தது, செம்பியின் வாலில் பொசுங்கியிருந்த முடியைப் பார்த்தது. திட்டவில்லை.

"தேன் நெருப்பைத் தாங்காது, தங்கச்சி. கறி வெந்த பிறகுதான் அதுக்கு வேலை" என்று மட்டும் சொன்னது.

இரண்டும் சேர்ந்து குழி வெட்டின. சுட்ட கற்களைப் பரப்பி, தொடையை ஏழு இலைகளில் பொதிந்து வைத்து, மேலேயும் கல்லடுக்கி மண்ணை மூடின. இனி இதைத் தொடக் கூடாது, சூடு வெளியே போனால் கறி வேகாது என்று மந்தையன் சொன்னது. செம்பி தலையாட்டிவிட்டு உட்கார்ந்தது. அதாவது, உடம்பு உட்கார்ந்தது. வாலும் காதும் உட்காரவில்லை.

மந்தையன் முதுகைச் சொறியத் திரும்பியது. திரும்பிப் பார்த்தால், செம்பி ஓரமாக மண்ணைத் தள்ளி உள்ளே பார்த்துக்கொண்டிருந்தது. ஆவி புஸ்ஸென்று போனது.

மந்தையன் மூடியது. இப்படிச் செய்தால் நாளைக்கும் வேகாது என்றது. செம்பி தன் குட்டிகள் மேல் சத்தியம் செய்தது. கொஞ்ச நேரத்தில் மறுபடியும் புஸ்.

மூன்றாம் தடவை, மண்ணுக்குள் மூக்கு புதைந்திருந்தபோதே கையும் களவுமாகப் பிடிபட்டது.

"நான் திறக்கல அண்ணே. மூக்கு தானாப் போச்சு."

மந்தையன் செம்பியை உற்றுப் பார்த்தது. கால் நான்கும் நடுங்கிக்கொண்டிருந்தன. கண் குழிக்கும் மலைக்கும் குட்டிகள் கிடந்த புதருக்கும் ஓடி ஓடி வந்துகொண்டிருந்தது. அதட்டினால் நிற்கிற நடுக்கம் இல்லை அது. மந்தையன் தாடையைச் சொறிந்து யோசித்தது.

"தங்கச்சி, சாந்துக்குப் புளி இல்லையே."

சொல்லி முடிப்பதற்குள் செம்பி கிளம்பிவிட்டது. காட்டு ஓரத்துப் புளியமரம் வரை ஓடி, ஒரு கொத்துப் பழத்தைக் கவ்விக்கொண்டு வந்தது. மந்தையன் அப்போதுதான் குழியோரத்து மண்ணைத் தட்டி முடித்திருந்தது.

"அட, வந்துட்டியா" என்றது மந்தையன். "எலுமிச்சையும் காந்தாரி மிளகாயும் வேணுமே. வறண்ட ஆத்துக்கு அந்தப் பக்கம்."

செம்பி ஓடியது. வழியில் குட்டிகள் கிடந்த புதரைக் கடந்தபோது, கடைக்குட்டி ஒரு கல்லை நக்கிக்கொண்டிருந்தது. கல் குளிர்ச்சியாக இருந்ததாம். செம்பி நிற்கவில்லை. நின்றால் அழுதுவிடுவோம் என்று அதற்குத் தெரியும்.

அது திரும்பி வந்தபோது மந்தையன் புளியில் கொட்டை எடுத்துக்கொண்டிருந்தது. ஊறப்போடத் தண்ணீர் ஏது? எலுமிச்சையைப் பிழிந்து அந்தச் சாற்றிலேயே புளியைக் கரைத்தது. மிளகாயைக் கிள்ளிப் போட்டது. ஒரு விரல் தொட்டு நக்கிப் பார்த்து முகத்தைச் சுளித்தது.

"உப்பு" என்றது. "யானைகள் நக்குமே உப்புப்பாறை, மலை மேல. அங்கேருந்து ஒரு கட்டி."

மலை உச்சி வரை ஏறி இறங்கினால் மூச்சு வாங்கும். செம்பிக்கும் வாங்கியது. உப்புக்கட்டியைப் போட்டுவிட்டுக் குழியைப் பார்த்தது. மண்ணிலிருந்து மெல்லிசாக ஒரு மணம் வரத் தொடங்கியிருந்தது. நிழல் சுனைக்குப் பத்தடி தூரத்தில் இருந்தது. செம்பியின் முன்னங்கால் தானாக மண்ணை நோக்கிப் போனது.

"ஒண்ணு மறந்துட்டேன்" என்றது மந்தையன். "சாந்து அரைக்கக் கூழாங்கல் வேணும். உருண்டையா, வழவழன்னு. பச்சை நிறத்துல."

"பச்சையா?"

"பச்சைதான்."

வறண்ட ஆற்றில் வெள்ளைக் கல் கிடந்தது, கறுப்புக் கல் கிடந்தது, செங்கல் நிறத்தில்கூடக் கிடந்தது. பச்சையைக் காணோம். செம்பி புரட்டியது, தோண்டியது, கரையேறியது, மறுபடி இறங்கியது. கடைசியில் ஒரு வேருக்கடியில், பாசி காய்ந்த நிறத்தில் ஒரு கல் தட்டுப்பட்டது. அதைக் கவ்விக்கொண்டு வந்த வேகத்தில் முட்செடியில் தோல் கிழிந்ததுகூடத் தெரியவில்லை.

வந்து பார்த்தால் சாந்து ஏற்கெனவே அரைத்து முடிந்திருந்தது. தேன் சேர்ந்து செக்கச்செவேலென்று பளபளத்தது. அதைக் கேட்கச் செம்பிக்கு நேரம் இல்லை. நிழலுக்கும் சுனைக்கும் நடுவில் ஐந்தடிதான் இருந்தது.

மந்தையன் மண்ணை விலக்கியது. கல்லை எடுத்தது. இலைகளை ஒவ்வொன்றாகப் பிரித்தது. நகத்தால் தொடையைத் தொட்டது. கறி எலும்பை விட்டு நழுவியது.

"வெந்துருச்சுல்ல, கொடு கொடு" என்று செம்பி பறந்தது.

வெந்தாலும் காட்டுக் கறி வறண்டிருக்கும், சாந்து ஏறினால்தான் வலிக்காமல் வழுக்கிக்கொண்டு இறங்கும் என்று மந்தையன் சொன்னது. தொடையை ஒரு குச்சியில் செருகிக் கங்கின் மேல் பிடித்து, இலைக்கொத்தால் சாந்தைப் பூசியது. அது திருப்புவதற்குள் ஒரு ஓரத்தில் தேன் கருகத் தொடங்கிவிட்டது.

மந்தையன் குச்சியை நீட்டியது.

"என் கை இதுக்கு ஆகாது, தங்கச்சி. பூசின உடனே திருப்பணும், திருப்பின உடனே பூசணும். நிக்கவே கூடாது. உனக்குத்தான் நிக்கத் தெரியாதே."

செம்பி வாங்கியது. பூசியது, திருப்பியது. பூசியது, திருப்பியது. நடுங்கிக்கொண்டே இருந்த அந்தக் கைகள் அதைவிடச் சரியான வேலையை அதற்கு முன் செய்ததே இல்லை. சாந்து குமிழ் விட்டது. கருகவில்லை. கண்ணாடி போட்ட மாதிரித் தொடை முழுக்க ஒரே சிவப்பாக மின்னியது.

புலி முதல் வாய் எடுத்தபோது காட்டில் ஒரு இலை அசையவில்லை. பாறைக்குப் பின்னால் மானும் முயலும் ஆமையும் வந்து ஒளிந்து நின்றன. புலி மென்றது. நிறுத்தியது. புலி மறுபடியும் மென்றது. அப்புறம் நிறுத்தவே இல்லை. எலும்பை நக்கி முடித்து, மீசையில் ஒட்டியிருந்த சாந்தையும் நக்கியது.

"உறைப்பு கொஞ்சம் தூக்கல்" என்றது. எழுந்து சுனையை விட்டுத் தள்ளிப் போய்ப் படுத்துக்கொண்டது.

மலை நிழல் அப்போதுதான் தண்ணீரைத் தொட்டது. அதில் முதலில் வாய் வைத்தது கடைக்குட்டி.

குட்டிகள் வயிறு முட்டக் குடித்த பிறகு, செம்பி குழியை மூடுவதற்கு மந்தையனோடு போனது. அங்கே குகை ஓரத்தில் ஒரு பெரிய உப்புக்கட்டி இருந்தது. அரைக்கிற கல்லும் இருந்தது. நேற்று இன்றைக்கு வந்த கல் இல்லை, தேய்ந்து பழகிய கல். அதன் பக்கத்தில், சாந்து படாத பச்சைக் கூழாங்கல்.

"அண்ணே, இதெல்லாம் முன்னாடியே உன்கிட்ட இருந்துச்சா?"

"இருந்துச்சு."

"அப்புறம் எதுக்கு என்னை மலைக்கும் ஆத்துக்கும் ஓட விட்ட? காலெல்லாம் முள்ளு."

"நீ ஓடலேன்னா குழியைத் திறந்திருப்ப" என்றது மந்தையன்.

செம்பிக்குக் கோபம் வந்தது. மூன்று தடவை குகையைச் சுற்றி வந்தது. நான்காவது சுற்றில் சிரித்துவிட்டது.

மறுநாள் புலி ஒரு மான் தொடையை அனுப்பியது. உறைப்பைக் குறைக்கச் சொல்லியிருந்தது. மந்தையனும் செம்பியும் குழி மூடி உட்கார்ந்தன. மூன்று குட்டிகளும் குழியைச் சுற்றிச் சுற்றி வந்தன. வெந்துச்சா அம்மா, வெந்துச்சா அம்மா என்று கேட்டுக்கொண்டே இருந்தன. கடைக்குட்டியின் மூக்கு மெல்ல மண்ணுக்குள் போனது.

செம்பி மந்தையனைப் பார்த்தது. மந்தையன் ஒன்றும் தெரியாத மாதிரி மரத்தைப் பார்த்தது.

"கண்ணுகளா" என்றது செம்பி, "சாந்து அரைக்க ஒரு கூழாங்கல் வேணும். உருண்டையா, வழவழன்னு. பச்சை நிறத்துல."

நீதி: பதறும் கையை அதட்டி அடக்க முடியாது, ஏற்ற வேலையைக் கொடுத்தால் அந்தக் கையே காரியத்தை முடித்துத் தரும்.