கூட்டம் சேரக்கூடாத படம்

அறிவை எங்கேயோ வைத்துவிட்டு, வைத்த இடத்தையும் மறந்துபோன மூன்று பேர் கோடம்பாக்கத்தில் ஒரு படக் கம்பெனி நடத்திவந்தார்கள். முதலாளி கொளஞ்சிநாதன். அவர் எடுத்த பதினோரு குத்துப்பாட்டுப் படங்களும் ஓடோ ஓடென்று ஓடின. எப்படி என்று அவருக்கே தெரியாது.

பணம் வந்தது, மரியாதைதான் வரவில்லை. மகள் கல்யாணத்தில் காலேஜ் புரொபசரான சம்பந்தி, "இவர் ஏதோ டப்பாங்குத்துப் படம் எடுக்கிறார்" என்று ஊருக்கே அறிமுகப்படுத்தினார். அன்றிலிருந்து கொளஞ்சிநாதனுக்குச் சோறு இறங்கவில்லை. ஒரு விருதை வாங்கி அந்தச் சம்பந்தியின் மூக்குக்கு நேராக நீட்டினால்தான் மனசு ஆறும்.

ஒரு விமர்சகரிடம் யோசனை கேட்டார்கள். "கேமரா ஆடக்கூடாது. விருதுப் படத்துக்குக் கூட்டம் வராது, அதையும் தெரிஞ்சுக்குங்க" என்றார் அவர். மூவருக்கும் அது வேதவாக்கு.

டைரக்டர் எத்திராஜ் முதல் வேலையாகக் கேமராவின் மூன்று கால்களையும் தரையோடு சிமெண்ட் பூசி இறுக்கினார். மதியம் கதாநாயகன் சாப்பிட எழுந்து போனவன் திரும்பவில்லை. கேமராவைத் திருப்பவும் முடியவில்லை. காலி நாற்காலியையே இரண்டு மணி நேரம் எடுத்து முடித்தார்கள்.

முதல் காட்சிக்கு ஏழு பேர் வந்தார்கள். பாவி ஒருத்தன் கைதட்டியும் தொலைத்தான். விருது போய்விடுமோ என்று கொளஞ்சிநாதன் மற்ற இருவரையும் ஓரமாக இழுத்தார்.

"ஏழு பேருன்னா கூட்டமாய்யா?"

"கல்யாணத்துக்கு ஏழு பேரு வந்தா கூட்டமில்லண்ணே" என்றார் மேனேஜர் பிச்சுமணி. "குளிக்கிற ரூமுக்கு வந்தா கூட்டம்."

"இது தியேட்டராச்சே?"

மூவரும் வெகுநேரம் யோசித்தார்கள். கடைசியில் எத்திராஜ் சொன்னார்: "எல்லா டிக்கெட்டையும் நாமளே வாங்கிட்டா எவன் உள்ள வருவான்?"

வாங்கினார்கள். தியேட்டர்காரர் ஹவுஸ்ஃபுல் போர்டு மாட்டினார். அதைப் பார்த்ததும், அப்படி என்னதான் இருக்கிறது என்று தெருவே திரண்டுவிட்டது. கொளஞ்சிநாதன் டிக்கெட் மூட்டையை மடியில் கட்டிக்கொண்டு, கையில் கம்போடு தானே வாசலில் உட்கார்ந்தார்.

ஐந்தாம் நாள் மூன்று பெரியவர்கள் காரில் வந்து இறங்கினார்கள்.

"நாங்க விருதுக் குழு. படத்தைப் பார்க்கணும்."

கொளஞ்சிநாதனுக்குக் கண் கலங்கிவிட்டது. கம்பைக் கீழே போட்டுக் கும்பிட்டார். ஆனால் வழியை விடவில்லை.

"ஐயா, உங்களுக்காகத்தான் அஞ்சு நாளா ஒரு ஈ காக்காய உள்ள விடல. இப்ப நீங்களே மூணு பேரு உள்ள போனா கூட்டமாயிடாதா? அப்புறம் எந்த முகத்தோட விருது குடுப்பீங்க?"

அவர்கள் வந்த காரிலேயே ஏறிப் போய்விட்டார்கள்.

கொளஞ்சிநாதன் அப்போதே சம்பந்திக்குப் போன் போட்டார்.

"சம்பந்தி, விருது நமக்குத்தான்! குழுவே நேர்ல வந்துச்சு. அவங்களையே உள்ள விடலன்னா பாருங்களேன்!"