ராஜா கையில் இருந்த இட்லி

அந்தரபுரி எந்தத் திசையில் இருக்கிறது என்று என்னைக் கேட்காதீர்கள். அங்கே நல்ல இட்லி கிடைக்கும் என்பது மட்டும்தான் எனக்குத் தெரியும். அந்த ஊரை ஆண்டவர் போஜனவர்மர். பேருக்கு ஏற்ற பசி.

அரண்மனைத் தோட்டத்தின் கோடியில் ஒரு விசித்திரமான இடம் இருந்தது. தரையெல்லாம் வெறும் புல்தான். அதன்மேல் காற்று மட்டும் அடுப்பு அனல் மாதிரி நெளியும். ஒருநாள் தோட்டக்காரன் மாடு அதற்குள் மேயப் போய் அப்படியே நின்றுவிட்டது. வெளியே இருந்த கன்று வளர்ந்து பசுவாகி, அதுவும் ஒரு கன்று போட்டது. அதற்கப்புறம்தான் தாய்மாடு ஆடி அசைந்து வெளியே வந்தது, உள்ளே கடித்த அதே புல்லை மென்றுகொண்டு. ஏதோ ஒரு சக்தி அங்கே காலத்தைப் பிடித்து இழுக்கிறது என்று பண்டிதர்கள் மண்டையை உடைத்துக்கொண்டு, கடைசியில் காலச்சுழி என்று பேர் மட்டும் வைத்தார்கள்.

தலைமை அமைச்சர் சடையமாராயருக்கு ரொம்ப நாளாகச் சிம்மாசனத்தின் மேல் ஒரு கண். சும்மா இருப்பாரா? சிம்மாசனத்தைக் காலச்சுழிக்குள் போட்டு உட்கார்ந்தால் ஆயிரம் வருஷம் இருக்கலாம், வெளி வேலையை அடியேன் பார்த்துக்கொள்கிறேன் என்று ராஜா காதில் ஓதினார். ராஜா குளிர்ந்துபோனார். மறுத்துப் பேசுகிறவனை யானைக் காலில் இடறச் சொல்லி உத்தரவும் போட்டாயிற்று. அதோடு விட்டாரா அமைச்சர்? உள்ளே பொழுதுபோக வேண்டுமே, விகடர் செவ்வந்தியப்பரையும் கூட்டிப் போங்கள் என்றார்.

செவ்வந்தியப்பர் மாட்டிக்கொண்டார். ராஜாவைச் சிரிக்கவைத்துச் சம்பளம் வாங்குகிற மனுஷர் அவர். ஒரே மகள் பூங்காவிக்குத் தை மாசம் கல்யாணம். உள்ளே போய் ஒரு வேடிக்கை சொல்லி, ராஜா சிரித்து முடிப்பதற்குள் மகளுக்குப் பேரனே பிறந்துவிடுவான். முடியாது என்றால் யானை. பாவம், மனுஷர் அன்றைக்கு ராத்திரி முழுக்கத் திண்ணையில் உட்கார்ந்து யோசித்தார்.

மறுநாள் சபையில் சிரித்த முகமாக வந்து, இதைவிட நல்ல யோசனை உண்டா என்று அமைச்சரை வாயாரப் புகழ்ந்தார்.

"ஒன்றே ஒன்று, மகாராஜா. நம் முதற்கவள மணி நின்றுவிடக் கூடாது" என்றார்.

அந்த ஊர் வழக்கம் அது. ராஜா முதல் வாய் வைத்ததும் அரண்மனை மணி அடிக்கும். அதற்கப்புறம்தான் ஊரில் யாரும் சோற்றில் கை வைக்கலாம். பால்குடிக் குழந்தைகளுக்கு மட்டும் விலக்கு. மணிக்கு முன்னால் பொட்டுக்கடலை மென்றதற்காகத் தன் மைத்துனனையே சிறையில் தள்ளியவர் நம் சடையமாராயர்.

நான் இருக்கிறவரைக்கும் வழக்கம் இருக்கும் என்று ராஜா சத்தியம் செய்தார். அமைச்சரும் பலமாகத் தலையாட்டினார். மணி அடித்ததும் நாலு வாய் அள்ளிப் போட்டுக்கொண்டு பின்னாலேயே வருகிறேன் என்றார் செவ்வந்தியப்பர். எதற்கும் இருக்கட்டும் என்று சிம்மாசனத்தின் காலில் நீளமாக ஒரு கயிற்றையும் கட்டி, மறுமுனையைச் சுழிக்கு வெளியே விட்டுவைத்தார்.

காலையில் ராஜா இட்லித் தட்டோடு உள்ளே போய் உட்கார்ந்தார். ஒரு இட்லியை எடுத்தார். ஊரே மணிக்காகக் காத்திருந்தது. மத்தியானம் இட்லி தட்டை விட்டு ஒரு சாண் ஏறியிருந்தது. பொழுது சாயும்போது மார்புக்கு நேரே வந்தது. மறுநாள் விடிந்து பார்த்தால் தாடிக்குக் கீழே நிற்கிறது. சமையல்காரர்கள் வேளை தவறாமல் சமைத்தார்கள். எல்லாம் தோட்டக்காரன் மாட்டுக்குப் போயிற்று.

சடையமாராயர் வயிறு போட்ட சத்தம் யானைக் கொட்டாரம் வரைக்கும் கேட்டதாம். உள்ளே ஓடி ராஜா வாயில் இட்லியைத் திணித்துவிடலாம் என்று பார்த்தார். போனால் தானும் அங்கேயே நிற்கவேண்டுமே! அன்றைக்கு மத்தியானமே மானம் மரியாதை எல்லாவற்றையும் காற்றில் விட்டுக் கயிற்றைப் பிடித்தார். பசியில் இருந்த காவலர்களும் சேர்ந்துகொண்டார்கள். சிம்மாசனம் தரதரவென்று வெளியே வந்தது.

வாய்க்கு நேரே இட்லியோடு ராஜா முறைத்தார். "வாயில் வைப்பதற்குள் எவன் இழுத்தது?"

"மகாராஜா, முதலில் அதை விழுங்குங்கள்" என்று அமைச்சர் அழாத குறையாகக் கெஞ்சினார்.

ராஜா விழுங்கினார். மணி அடித்தது. ஊரே இலையில் விழுந்தது. அமைச்சர் நின்றபடியே தின்றார்.

என்ன நடந்தது என்று ராஜா விசாரித்தார். செவ்வந்தியப்பர் கைகட்டிச் சொன்னார். நேற்று மத்தியானம் வத்தக்குழம்பு, பொழுது சாய அடை அவியல், இன்றைக்குக் காலையில் நெய்ப்பொங்கல். எதுவும் தங்களுக்கு வந்து சேரவில்லை.

ராஜா முகம் செத்துப்போயிற்று. "அடை அவியலுமா?"

"தாங்கள் ஆயிரம் வருஷம் இருப்பீர்கள், சந்தேகமே இல்லை. ஆனால் ஆயுசுதான் நீளும், இட்லி பெருகாது. இப்போது சாப்பிடுகிற அதே இட்லிகளைத்தான் ஆயிரம் வருஷத்துக்கு வைத்துக்கொண்டு சாப்பிடவேண்டும்."

ராஜா சிம்மாசனத்தை அப்போதே சமையற்கட்டுக்குப் பக்கத்தில் கொண்டுபோய்ப் போடச் சொன்னார். பூங்காவி கல்யாணச் சாப்பாடு அரண்மனைச் செலவு, முதற்கவளம் தன்னுடையது என்றும் சொல்லிவிட்டார்.

"அதிருக்கட்டும், செவ்வந்தியப்பரே. அந்தச் சுழியை என்ன செய்யலாம்?"

செவ்வந்தியப்பர், இன்னும் மென்றுகொண்டிருந்த சடையமாராயரைத் திரும்பிப் பார்த்தார்.

"வீணாக்க வேண்டாம், மகாராஜா. அமைச்சர் இனிமேல் அதற்குள் நின்று யோசனை சொல்லட்டும். அவர் சொல்லி முடிப்பதற்குள் என் மகளுக்குப் பேரன் பிறந்துவிடுவான்."

ராஜா சிரித்த சிரிப்பில் அடுத்த இட்லி கை தவறிக் கீழே விழுந்தது. அதுவும் மாட்டுக்குத்தான் போயிற்று.