ராஜாவின் பாதம் பட்ட ஏழு நாடுகள்

முன்னொரு காலம். எத்தனை நாளைக்கு முன் என்று கேட்டால், கப்பல்கள் காற்றை மட்டும் நம்பி ஓடிய காலம் என்பதோடு நிறுத்திக்கொள்ளலாம். கடலோர நாடு ஒன்றை ஆண்ட ராஜாவுக்கு ஒரு பைத்தியம் இருந்தது. காலையில் உலகச் சேதி ஒன்று காதில் விழாமல் அவருக்குப் பால்கூட இறங்காது.

சேதி சொல்வது அரண்மனை விகடகவி ஆவுடையானின் வேலை. "மிசிர் நாட்டு நைல் நதி தெற்கே பிறந்து வடக்கே ஓடுகிறது, பிரபு" என்பான் ஒருநாள். "வடகோடியில் ஒரு தேசம். அங்கே கோடையில் சில வாரங்கள் சூரியன் அஸ்தமிப்பதே இல்லை" என்பான் இன்னொரு நாள்.

"அப்படியானால் அங்கே இராச்சாப்பாடு எப்போது?" என்று கேட்டார் பிரதானி விருப்பாட்சர்.

"எனக்கும் அதுதான் கவலை. தாங்கள் அங்கே போகவேண்டாம்."

சபை சிரித்தது. பிரதானி சிரிக்கவில்லை. முன்பெல்லாம் காலை வேளையில் அவர்தான் ராஜாவுக்குப் பஞ்சாங்கம் வாசிப்பார். இப்போது அது பகல் சாப்பாட்டுக்குப் பின்னால், ராஜா கண் அயரும் வேளைக்குத் தள்ளப்பட்டிருந்தது.

ஆவுடையானை மட்டம்தட்டப் பிரதானி காத்திருந்த நாள் வந்தது. மலைநாட்டுத் தூதர் ரங்கோஜி சபைக்கு வந்தார். மீசையைத் தடவியபடியே, "எங்கள் மகாராஜாவின் திருப்பாதம் இதுவரை ஏழு அயல்நாடுகளில் பட்டிருக்கிறது. தங்கள் பாதம் எத்தனை நாடுகளில் பட்டிருக்கிறது என்று அறியலாமா?" என்றார்.

ராஜாவின் முகம் சுண்டிப்போனது. பட்டம் கட்டியவர் நாட்டு எல்லையைத் தாண்டுவதில்லை என்பது அந்த வம்சத்தின் சத்தியம். எண்ணிக்கை பூஜ்யம்.

பிரதானி எழுந்தார். "உலகமே தன் நாக்கில் இருக்கிறது என்று நம் ஆவுடையான் சொல்வதுண்டு. பிரபு எல்லை தாண்டாமலே ஏழு நாட்டு மண்ணை மிதிக்க அவனால் வழி செய்ய முடியும். செய்யாவிட்டால், இத்தனை நாள் சொன்னதெல்லாம் கப்சா என்று ஆகிவிடும்."

வெளியூரான் முன்னால் பின்வாங்க ராஜாவுக்கு மனம் வரவில்லை. "நாளை உச்சிப்பொழுதுக்குள் என் பாதம் ஏழு நாட்டு மண்ணில் படவேண்டும், ஆவுடையான். தவறினால் தூதரோடு நீயும் புறப்பட்டுவிடு. இந்த நாட்டில் உனக்கு இடமில்லை."

ஆவுடையான் குனிந்து வணங்கினான். வாசலைத் தாண்டும்வரை நடையில் தெம்பு இருந்தது. தாண்டியதும் இல்லை.

வீட்டில் அவன் மனைவி பேச்சியம்மை கொல்லையில் குத்துவிளக்கைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். அரண்மனைச் சேதி அவனுக்கு முன்பே வீட்டுக்கு வந்து சேர்ந்திருந்தது.

"மலைநாட்டுல குளிரு சாஸ்தியாமே. கம்பளி எடுத்து வைக்கவா?"

"அதுக்குள்ள மூட்டை கட்டிட்டியா?"

"கட்டாம? நீங்க வாயக் கட்ட மாட்டீங்க, நானாவது மூட்டையக் கட்டுறேன்."

ஆவுடையான் பதில் சொல்ல வாயெடுத்தவன் அப்படியே நின்றான். அவன் பார்வை அவள் கையில் இருந்தது. விளக்கில் அப்பியிருந்த மணல் கன்னங்கரேல் என்று இருந்தது.

"இந்த மணலு ஏது, பேச்சி?"

"ஏதா? துறைமுகத்துல மலையாக் கெடக்கு. ஊருப் பொம்பளைங்க எல்லாம் இதுலதான் பித்தளை தேய்க்கோம். நம்ம ஊரு மணல்ல இந்தப் பளபளப்பு வருமா?"

"மூட்டையப் பிரி" என்றான் ஆவுடையான். "மொதல்ல சோத்தப் போடு."

மறுநாள் காலை ராஜாவின் பல்லக்கு துறைமுகத்தில் இறங்கியது. கூட வந்த சபையோர் மேல்துண்டால் மூக்கைப் பொத்திக்கொண்டார்கள். அவர்களில் ஒருவர்கூட அதுவரை அங்கே கால் வைத்ததில்லை. மீன் கவிச்சி பட்டால் கௌரவம் கரைந்துவிடும் என்பது அவர்கள் எண்ணம். கரை நெடுகக் குன்று குன்றாக மண்ணும் கல்லும் குவிந்து கிடந்தன.

"குப்பைமேட்டுக்கா அழைத்து வந்தாய்?" என்றார் பிரதானி.

"பிரபு, பாதரட்சையைக் கழற்றவேண்டும்" என்றான் ஆவுடையான். ராஜா கழற்றினார். கறுப்பு மணலில் ஏறச்சொன்னான், ஏறினார். "தாங்கள் நிற்பது சாவகத் தீவில். நெருப்புக் கக்கும் மலைகளின் நாடு. அந்த மலைகள் உமிழ்ந்த கல் பொடிந்தால் இப்படித்தான் கறுப்பாக இருக்கும்."

ராஜா விழித்தார்.

"நம் துணியும் மிளகும் ஏற்ற வருகிற கப்பல் வெறுமையாக வந்தால் நடுக்கடலில் புரண்டுவிடும், பிரபு. அதனால் புறப்படும் ஊரிலேயே கப்பலின் அடியில் மண்ணையும் கல்லையும் பாரமாகப் போட்டுக்கொள்வார்கள். இங்கே அதைக் கொட்டிவிட்டு நம் சரக்கை ஏற்றுவார்கள். கண்ட இடத்தில் கொட்டினால் துறை தூர்ந்துபோகும். அதனால் துறைக்காவலர் ஒவ்வொரு நாட்டுக்கும் தனி இடம் ஒதுக்கியிருக்கிறார்."

அடுத்த குவியலில் சீனத்துக் கருங்கல். நடுவே மூக்கு உடைந்த கற்சிங்கம் ஒன்று பல்லைக் காட்டிக்கொண்டு கிடந்தது. சீனர்கள் பாரத்துக்குச் சிலையையும் ஏற்றுவார்கள். அதற்கடுத்து மாலத்தீவுப் பவளக்கல், காலடியில் சோழிகள் நொறுங்கின. கீழைக்கடலைத் தாண்டிய பெகு நாட்டு வண்டல், ஏடன் நகரத்து எரிமலைக் கல், மேலைக்கடலைத் தாண்டிய கில்வாத் தீவின் வெள்ளை மணல் என்று ராஜா வேட்டியைத் தூக்கிப் பிடித்தபடி ஏறி இறங்கினார். ஏழாவது குவியல் குங்குமச் சிவப்பாக இருந்தது.

"இது பாரசீகக் கடலிலுள்ள ஹோர்முஸ் தீவு."

பிரதானி பாய்ந்து வந்தார். "பொய். நம் செம்மண் காட்டில் நாலு வண்டி வெட்டிக் கொட்டியிருக்கிறான். இது உள்ளூர் மண், பிரபு."

ஆவுடையான் பக்கத்தில் நின்ற ஹோர்முஸ் மாலுமியிடம் ஏதோ சொன்னான். மாலுமி தன் மடியிலிருந்து ரொட்டியை எடுத்தான். குவியலைக் கிளறி அடியிலிருந்து சுத்தமான சிவப்புப் பொடியில் ஒரு சிட்டிகை எடுத்து, ரொட்டியில் தூவி, நிதானமாக மென்று விழுங்கினான்.

"அந்தத் தீவில் இதுதான் தொடுகறிக்கு மசாலா" என்றான் ஆவுடையான். "உள்ளூர் மண் என்றால் பிரதானிக்கும் பழகிய ருசியாகத்தான் இருக்கும். ஒரு வாய் சாப்பிடட்டும்."

மாலுமி மரியாதையாக ரொட்டியை நீட்டினான். பிரதானி இரண்டடி பின்னால் போனார். ஆனால் விடவில்லை. "அயல்நாட்டு மண்ணாகவே இருக்கட்டும். நம் கரையில் கொட்டிய பிறகு அது நம் மண். பிரபு மிதித்தது சொந்த நாட்டைத்தான்."

சூரியன் உச்சிக்கு வர ஒரு நாழிகைகூட இல்லை. ராஜா ஆவுடையானைப் பார்த்தார்.

ஆவுடையான் தூதரிடம் திரும்பினான். "ஐயா, நேற்றுத் தாங்களும் எங்கள் மண்ணில் இறங்கினீர்கள். பிரதானியின் நியாயப்படி தாங்கள் இப்போது எங்கள் குடிமகன். தங்கள் விரலிலுள்ள மலைநாட்டு முத்திரை மோதிரமும் எங்களுடையது. கழற்றித் தருகிறீர்களா?"

ரங்கோஜி விரலை மடக்கிக்கொண்டார். "அதெப்படி? எங்கே வந்து இறங்கினாலும் பிறந்த நாடு பிறந்த நாடுதானே."

"கேட்டீர்களா, பிரபு? தீர்ப்பு வெளிநாட்டார் வாயாலேயே வந்துவிட்டது. இவர்களுடைய மகாராஜா ஏழு நாடுகளைத் தேடிப் போனார். நம் துணிக்கும் மிளகுக்கும் ஆசைப்பட்டு ஏழு நாடுகளும் தங்கள் காலடிக்கு வந்து கிடக்கின்றன. தேடிப் போனவர் பெரியவரா, தேடி வரப்பட்டவர் பெரியவரா?"

துறைமுகத்துச் சுமைகாரர்கள் ஓவென்று குரல் கொடுத்தார்கள். ராஜா நிமிர்ந்து நின்றார். கடல்காற்றில் அங்கவஸ்திரம் படபடத்தது. முதல்முறையாக அவர் கப்பல்களை ஒவ்வொன்றாக எண்ணிப் பார்த்தார்.

"ஏழுக்கு ஏழு சரியாகிவிட்டது" என்று முணுமுணுத்தார் தூதர்.

"சரியாவதற்கா இவ்வளவு பாடு?" ஆவுடையான் தூதரின் செருப்பைக் காட்டினான். "எங்கள் ஊரில் மழை பெய்து ஆறு மாதம் ஆகிறது. அந்தக் குதிகாலில் காய்ந்து ஒட்டியிருக்கும் களிமண் தங்கள் நாட்டுடையது. பிறந்த நாடு மாறாது என்று தாங்களே சொன்னீர்கள். ஒரு துளி சுரண்டிப் போட்டால் எங்களுக்கு எட்டு."

ரங்கோஜி ஒரு கணம் முறைத்தார். பிறகு தோள் குலுங்கச் சிரித்துக்கொண்டே செருப்பைக் கழற்றித் தட்டினார். கீழே விழுந்த மண்ணை ராஜா கட்டைவிரலால் மிதித்தார். கடற்கரை அதிரும்படி சிரித்தார். சிரிப்பு அடங்குவதற்குள் தம் தோளிலிருந்த பட்டு அங்கவஸ்திரத்தை உருவி ஆவுடையானுக்குப் போர்த்தினார்.

"இனி வெள்ளிக்கிழமை தோறும் காலைச் சபை இந்தக் கரையில்தான் கூடும். ஆவுடையான் என் வலப்பக்கத்தில் உட்கார்ந்து சேதி சொல்வான். பிரதானியாரே, தாங்களும் வரவேண்டும், மூக்கிலிருந்து அந்தத் துண்டை எடுத்துவிட்டு."