கை காட்டும் பொம்மைகள்

நெடுஞ்சாலை ஓரத்து ஓட்டல் வாசலில் காக்கிச் சட்டையும் தொப்பியுமாக, 'வாங்க வாங்க' என்று கை காட்டிக்கொண்டு நிற்குமே மோட்டார் பொம்மை, அதைச் செய்கிற சின்னக் கம்பெனி நாச்சிமுத்துவுடையது. கார் வைப்பர் மோட்டார்தான் அதற்கு உயிர். கூட்டாளி, தங்கை புருஷன் செங்கோடன். பொம்மைக்குத் தைத்தது போக மிச்சக் காக்கித் துணியில் தங்களுக்கும் சட்டை தைத்துக்கொள்வது இரண்டு பேருக்கும் வழக்கம். கஞ்சப் பிசினாறிகள் என்று ஊர் கேலி பண்ணும். பண்ணட்டுமே, அவர்களுக்கு அதில் ஒரு பெருமை.

இப்போது செங்கோடன் இல்லை. நாச்சிமுத்து குருவின் முன்னால் உட்கார்ந்திருந்தார். சங்ககிரி மலையடிவாரத்தில் ஓர் ஓட்டு வீட்டில் இருப்பவர் அந்தக் குரு. நாச்சிமுத்துவைவிட வயதில் சின்னவர், அதிகம் பேசமாட்டார்.

"பைத்தியம் புடிச்சிருச்சுங்க சாமி," என்றார் நாச்சிமுத்து. "ரோட்டுல எந்தப் பொம்மையக் கண்டாலும் எறங்கிப் போயி அது கையத் தொட்டுப் பாக்கறனுங்க. தொடாம வண்டிய எடுக்க முடியல. ஊரே சிரிக்குது. இது எப்பங்க நிக்கும்?"

"எதுக்குத் தொடறீங்க?"

நாச்சிமுத்து தன் உள்ளங்கையைப் பார்த்துக்கொண்டார்.

"சூடா இருக்கான்னு பாக்கத்தானுங்க."

நாச்சிமுத்து துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு தொடர்ந்தார்.

"பொம்மை ஒரே மாதிரி கை ஆட்டக்கூடாது, நடுவுல ஓஞ்சு தொங்கி மறுபடி எந்திரிக்கோணும், அப்பத்தான் ஆளுன்னு நம்புவாங்கன்னு மாப்பளைதான் சொன்னாரு. அப்படியே செஞ்சோம். அன்னைக்குப் பொம்மை மாட்டப் போன எடத்துல, எந்தப் பாவியோ அவர இடிச்சுப் போட்டுட்டு நிக்காமப் போயிட்டான். கால் நசுங்கி, மைல் கல்லுல சாஞ்சுக்கிட்டுக் கை காட்டியிருக்காரு. ஒருத்தனும் நிக்கல."

"நீங்க?"

"நானும் அந்த வழியாத்தானுங்க போனேன். காக்கிச் சட்டை தெரிஞ்சுது. கை எறங்கி எறங்கி மேல போச்சு. 'அட, அதுக்குள்ள மாட்டிட்டாரே, கை என்ன அழகா ஓயுது'ன்னு நெனச்சுக்கிட்டே போயிட்டேன்."

தலையில் அடித்துக்கொண்டு அழுதார். "என் தங்கச்சி மொகத்துல எப்படிங்க முழிப்பேன்?"

குரு தடுக்கவில்லை. அழுகை அடங்கும்வரை இருந்துவிட்டு, எழுந்து செருப்பை மாட்டினார்.

"வண்டிய எடுங்க."

நெடுஞ்சாலையில் முதல் பொம்மை வந்தது. நாச்சிமுத்து இறங்கிப் போய்த் தொட்டார். வெறும் பிளாஸ்டிக். திரும்பி வந்தார். அடுத்த பொம்மை, அதற்கடுத்தது. ஒவ்வொரு தடவையும் வெட்கத்தோடு குருவைப் பார்த்தார்.

ஒரு பரோட்டாக் கடை முன்னால் நின்ற பொம்மையைத் தொட்டவர் வெடுக்கென்று கையை இழுத்துக்கொண்டார். அந்தக் கையில் உடம்புச் சூடு இருந்தது. தொப்பிக்குக் கீழே ஒரு பெரியவரின் முகம் இருந்தது.

"சாப்பாடு ரெடிங்க, உள்ள போங்க," என்றார் பெரியவர். பிறகு கடைப் பக்கம் ஒரு பார்வை பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினார். "ஒரு வாய் தண்ணி இருந்தாக் குடுங்க. எடத்த விட்டு நகந்தா மொதலாளி சத்தம் போடுவாரு."

நாச்சிமுத்து ஓடிப்போய்க் காரிலிருந்த தண்ணீர் பாட்டிலை எடுத்து வந்தார். பெரியவர் அண்ணாந்து மடமடவென்று குடித்தார். குடிக்கும்போதும் அவருடைய இன்னொரு கை சாலையைப் பார்த்து ஆடிக்கொண்டேயிருந்தது.

காருக்குத் திரும்பிய நாச்சிமுத்து சாவியைத் திருப்பாமல் குருவின் பக்கம் திரும்பினார்.

"மாப்பளை போனது போனதுதானுங்களே சாமி. இனித் தொட்டு என்ன ஆகப் போகுது? இது எப்பத்தான் நிக்கும்? ஒரு வார்த்தை சொல்லுங்க."

தூரத்தில், வெயிலில் இன்னொரு காக்கிச் சட்டை தெரிந்தது.

"அதோ, ஒருத்தர் கை காட்டறாரு," என்றார் குரு. "அங்க ஓரங்கட்டுங்க."